பெடோவின் கானகப் பயணம்

தொழிலாளியின் ஒவ்வொரு நிமிட உழைப்பையும் அளக்கும் முறையை ஆலைகளுக்கு விற்றுப் பெருஞ்செல்வம் ஈட்டியவர், பிரான்சில் பிறந்த சார்லஸ் பெடோ. 1934 ஜூலையில் கனடாவின் எட்மன்டன் நகரிலிருந்து பிரிட்டிஷ் கொலம்பியாவின் வடபகுதிக் காடுகளைக் கடக்கப் புறப்பட்டார். பின்புறம் ரப்பர்ப் பட்டைகளில் ஓடும் ஐந்து சித்ரோயன் ஊர்திகள், நூற்றுக்கும் மேற்பட்ட குதிரைகள், சுமைகளுக்கிடையே ஷாம்பெயின் புட்டிகள்! பயணத்தைப் படமாக்க, ஆஸ்கர் விருது பெற்ற ஒளிப்பதிவாளர் ஃபிளாய்ட் கிராஸ்பி உடன் சென்றார். பொருளாதாரப் பெருமந்தத்தில் வாடிய உள்ளூர் மக்களுக்கு இப்பயணம் கூலி தந்தது என்பதையும் மறுத்தற்கில்லை.

மழை ஓயவில்லை. ஊர்திகள் சேற்றில் புதைந்தன. பெடோ அத்தோல்வியையும் காட்சியாக்க முனைந்தார். இரண்டு ஊர்திகள் செங்குத்துச் சரிவிலிருந்து உருட்டிவிடப்பட்டன. மற்றொன்றைத் தெப்பத்தில் மிதக்கவிட்டு வெடிவைத்துத் தகர்க்கத் திட்டமிட்டனர், வெடி வெடிக்கவில்லை. தெப்பம் அமைதியாக ஆற்றோடு போயிற்று. குதிரைகளின் துன்பமோ நடிப்பன்று. குளம்பு நோயுற்றுப் பல மாண்டன. அக்டோபரில் பயணம் கைவிடப்பட்டது.

பல்லாண்டு முடங்கிக் கிடந்த அப்படச்சுருள்களைக் கொண்டு ஜார்ஜ் உங்கர் 1995இல் ‘தி ஷாம்பெயின் சஃபாரி’ என்னும் ஆவணப்படத்தை உருவாக்கினார். பெடோ தம் வீரத்துக்குச் சான்றாக எடுப்பித்த காட்சிகளே அதில் அவரை விசாரிக்கின்றன. படம் காட்டோடு நிற்கவில்லை. இரண்டாம் உலகப்போரில் நாசிகளுடன் கொண்ட தொடர்பால் கைதாகி, 1944இல் அமெரிக்கக் காவலில் அவர் உயிர்துறந்தது வரை பின்தொடர்கிறது.