மச்சான் கடனுக்கு உங்கள் வீடு

அன்புள்ள வாசகருக்கு,

கடன் வாங்கியது மச்சான், பட்டறை அவருடையது, மெஷின்கள் அவர் பெயரில். அதையெல்லாம் விட்டுவிட்டு, ஜாமீன் போட்ட என் வீட்டுக்கு வங்கி எப்படி வரலாம் என்று கேட்டிருக்கிறீர்கள். நியாயமான ஆதங்கம். ஆனால் கோர்ட்டில் எடுபடாது.

ஒப்பந்தத்தில் வேறு விதமாக எழுதியிருந்தாலொழிய, கடனாளிக்கு உள்ள பொறுப்பு முழுவதும் ஜாமீன்தாரருக்கும் உண்டு என்கிறது 1872-ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 128-ஆவது பிரிவு. ‘முதலில் அவரிடம் வசூல் செய்’ என்று வங்கியை நிறுத்த முடியாது என்பது பேங்க் ஆஃப் பீகார் வழக்கில் 1968-லேயே முடிவாகிவிட்டது. பிறகு ஒருமுறை, உங்களைப் போல வீட்டை அடமானம் வைத்த ஜாமீன்தாரர் ஒருவருக்கு அலகாபாத் உயர் நீதிமன்றம் தடை கொடுத்தது. யுனைடெட் பேங்க் ஆஃப் இந்தியா மேல்முறையீடு செய்ய, 2010-ல் உச்ச நீதிமன்றம் அந்தத் தடையை நீக்கியது. கடன் வசூல் தீர்ப்பாயம் இருக்கும்போது ரிட் மனுவை எதற்கு எடுத்தீர்கள் என்று உயர் நீதிமன்றத்தைக் கண்டிக்கவும் செய்தது. அப்படியும் முதல் வேலையாக ரிட் போட்டுக் காசையும் காலத்தையும் கரைப்பவர்கள் குறையவில்லை.

நீங்கள் உண்மையில் பார்க்க வேண்டியது வேறு. வங்கியில் வெறும் கையெழுத்து மட்டும் போட்டீர்களா, மூலப்பத்திரத்தையும் ஒப்படைத்தீர்களா? வில்லங்கச் சான்று எடுத்துப் பாருங்கள். அடமானம் இல்லையென்றால், கோர்ட்டுக்குப் போகாமலே அடமானச் சொத்தை எடுக்க வங்கிக்கு வழிவிடும் 2002-ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டத்தை வைத்து உங்கள் வீட்டைத் தொட முடியாது. பாக்கி 20 லட்சமோ அதற்கு மேலோ என்றால் கடன் வசூல் தீர்ப்பாயத்திலும், குறைவென்றால் சிவில் கோர்ட்டிலும் வழக்கு நடத்தி உத்தரவு வாங்க வேண்டும். அப்போதும் வீடு ஜப்திக்கு வரலாம். ஆனால் உங்கள் தரப்பைக் கேட்ட பிறகுதான். இடம் விவசாய நிலமாக இருந்தால் சர்ஃபாசியே பொருந்தாது. அதற்காக வருவாய்த் துறைப் பதிவில் நஞ்சை, புஞ்சை என்றிருந்தால் மட்டும் போதாது. உண்மையில் பயிர் நடக்கிறதா என்று கேட்பார்கள். 2018-ல் இந்தியன் வங்கி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது அதைத்தான்.

அடமானம் உண்டென்றால், சண்டை முழுவதும் நடைமுறையிலும் தேதியிலும்தான். சர்ஃபாசி சட்டம் ‘கடனாளி’ என்ற சொல்லிலேயே ஜாமீன்தாரரையும் அடக்குகிறது. ஆகவே 13(2) நோட்டீஸ் உங்களுக்கும் தனியாக வந்திருக்க வேண்டும், 60 நாள் கெடுவோடு. அதற்கு ஆட்சேபம் எழுதிக் கொடுத்தால், 15 நாளுக்குள் காரணம் சொல்லிப் பதில் தர வேண்டியது வங்கியின் கடமை. எழுதாமல் இருந்துவிடாதீர்கள்; பிற்பாடு தீர்ப்பாயத்தில் உங்களுக்குப் பேச இடம் கொடுப்பது அந்தக் காகிதம். வங்கி சுவாதீனம் எடுத்த அறிவிப்பை வீட்டில் ஒட்டி, இரண்டு பத்திரிகைகளில் வெளியிட்டிருக்க வேண்டும், அதில் ஒன்று உள்ளூர் மொழியில். ஏலத்துக்கு முன் மதிப்பீடு, உங்களுக்கு 30 நாள் தெளிவான அவகாசம். இவற்றில் ஒன்று தவறினாலும் 17-ஆவது பிரிவில் மனு போடலாம். சுவாதீனத்தைத் திருப்பித் தரச் சொல்லும் அதிகாரமும் தீர்ப்பாயத்துக்கு உண்டு. கெடு 45 நாள்.

இந்த மனுவுக்கு முன்பணம் கட்ட வேண்டாம். 75 சதவீதம் கட்டச் சொன்ன பழைய விதியை 2004-ல் மார்டியா கெமிக்கல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்துவிட்டது. தீர்ப்பாயத்தில் தோற்று மேல்முறையீட்டுக்குப் போனால்தான் பாக்கியில் பாதியைக் கட்ட வேண்டும். குறைத்தாலும் கால் பங்குக்குக் கீழே இறங்காது. அதனால் முதல் மனுவிலேயே நல்ல வக்கீலை வைத்துக்கொள்ளுங்கள்.

ஏலத்துக்கு முந்தின நாள் பணத்தைப் புரட்டிக் கட்டிவிடலாம் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். 2016 திருத்தத்துக்குப் பிறகு, ஏல அறிவிப்பு வெளியாவதற்கு முன்பே முழுப் பாக்கியையும் கட்டினால்தான் சொத்தை மீட்கும் உரிமை.

மச்சான் மீதும் உங்களுக்கு உரிமை இருக்கிறது. இதைப் பலர் மறந்துவிடுகிறார்கள். கட்டிய பணத்தை அவரிடம் கேட்டு வழக்குப் போடலாம். முழுக்கடனையும் நீங்கள் தீர்த்தால், வங்கியிடம் அவர் ஈடு வைத்த மெஷின்கள் மீது வங்கிக்கு இருந்த உரிமை உங்களுக்கு வந்து சேரும். உங்கள் சம்மதமில்லாமல் வங்கி அவற்றைக் கைவிட்டிருந்தால், அந்த மதிப்பு அளவுக்கு உங்கள் பொறுப்பு குறையும் என்கிறது ஒப்பந்தச் சட்டத்தின் 141-ஆவது பிரிவு. ஆனால் இந்த உரிமையை விட்டுக்கொடுப்பதாக ஜாமீன் பத்திரத்திலேயே ஒரு வரி அச்சடித்து வைப்பது வங்கிகளின் வழக்கம். உங்கள் பத்திரத்தின் நகலை வங்கியிடம் எழுத்தில் கேட்டு வாங்கி, வக்கீலிடம் போகும்போது கொண்டுபோங்கள்.

அன்புடன்,
உங்கள் கட்டுரையாளர்