ஆவணப்படத்தில் நடிக்கலாமா?



சினிமா நமக்கெல்லாம் தெரியும். ஆவணப்படம் என்றால் என்ன? உண்மையான மனிதர்களை, அவர்கள் வாழும் ஊரிலேயே எடுக்கும் படம்தான் ஆவணப்படம். 1926-ல் ஜான் கிரியர்சன் என்பவர் ஒரு படத்தைப் பற்றி எழுதும்போது ‘டாக்குமெண்டரி’ என்ற சொல்லைப் பயன்படுத்தினார். அந்தப் படத்தை எடுத்தவர் அமெரிக்காவைச் சேர்ந்த ராபர்ட் ஃபிளாஹர்ட்டி.

அவருடைய இன்னொரு படம் ‘மேன் ஆஃப் ஆரன்’. 1934-ல் வெளிவந்தது. ஆரன் என்பது அயர்லாந்தின் மேற்கே கடலில் உள்ள மூன்று தீவுகள். அங்கே எங்கு பார்த்தாலும் பாறை. மக்கள் கடற்பாசியையும் மணலையும் சுமந்து வந்து பாறைமேல் பரப்பி உருளைக்கிழங்கு பயிர் செய்தார்கள். மண்ணையே உண்டாக்கியிருக்காங்க! படத்தில் இதைப் பார்க்கலாம்.

படகில் போய்ப் பெரிய சுறாவை ஈட்டியால் குத்திப் பிடிப்பதும் படத்தில் வரும். அதன் ஈரல் எண்ணெயில் விளக்கு எரிப்பார்களாம். ஆனால் படம் எடுத்த காலத்தில் அந்த வேட்டை அங்கே கிடையாது. எப்போதோ நின்றுபோன வழக்கம். படத்துக்காகத் தீவு மக்கள் புதிதாகக் கற்றுக்கொண்டு செய்தார்கள். அப்பா, அம்மா, மகனாக வருபவர்களும் ஒரே குடும்பம் இல்லை. இதையெல்லாம் படம் சொல்லவில்லை. பார்த்தவர்கள் அப்படியே நம்பினார்கள். 1978-ல் ஜார்ஜ் ஸ்டோனி என்பவர், அந்தப் படம் எடுக்கப்பட்ட விதத்தைப் பற்றியே தனியாக ஓர் ஆவணப்படம் எடுத்தார்.

அப்படின்னா பழசை நடிச்சுக் காட்டுவது தப்பா? எனக்கு எங்க தாத்தா ஞாபகம் வந்தது.

தாத்தா கமலை இறைத்தவர். இப்போ எங்க கிணற்றில் மோட்டார்தான். போன பொங்கலுக்கு அண்ணன் செல்போனைப் பிடித்துக்கொண்டு, “இறைச்சுக் காட்டுங்க தாத்தா” என்றான். மாடும் இல்லை, சாலும் இல்லை. தாத்தா வெறும் கயிற்றைப் பிடித்து, மாட்டை அதட்டிக்கொண்டே பின்னால் நடந்து காட்டினார். பாட்டுப் பாடும்போது பாதியில் மறந்துவிட்டது. மீதியைத் திண்ணையில் இருந்த பாட்டி பாடினாங்க. எல்லாரும் சிரித்தோம். தாத்தா மட்டும் சிரிக்கவில்லை. “மாடு இல்லேன்னு அதுல சொல்லிரு தம்பி. இல்லேன்னா பாக்குறவன் என்னைப் பைத்தியம்னு நினைப்பான்” என்றார்.

எனக்குப் பதில் கிடைத்துவிட்டது. நடித்துக் காட்டலாம். இது நடிப்பு என்று சொல்லிவிட வேண்டும்.

நாம் படம் எடுத்தால் கவனிக்க வேண்டியவை:

1. பெரியவர்களிடம் அனுமதி கேட்க வேண்டும்.
2. ஊர், தேதி, பேசுபவர் பெயரை முதலில் பதிவு செய்ய வேண்டும்.
3. இன்று நடப்பது எது, அன்று நடந்தது எது என்று பிரித்துச் சொல்ல வேண்டும்.
4. மறந்ததை நாமே இட்டு நிரப்பக்கூடாது. வேறொரு பெரியவரிடம் கேட்க வேண்டும்.

உங்க வீட்டில் தாத்தா, பாட்டி இருந்தால் இந்த ஞாயிற்றுக்கிழமையே கேளுங்கள். பாதிப் பாட்டு இப்பவே மறந்தாச்சு.



– ஒன்பதாம் வகுப்பு மாணவி