கடையைக் காலி செய்யும் வழக்கில் பங்காளியைச் சேர்க்க வேண்டுமா?

கேள்வி: பேராவூரணி கடைவீதியில் என் அப்பா கட்டிய கடை ஒன்று இருக்கிறது. அதில் தேங்காய் மண்டி நடத்துபவர், அப்பா காலமான பிறகு என்னோடு வாடகை ஒப்பந்தம் போட்டு, பதிவும் செய்து, வாடகை கொடுத்துவந்தார். சில மாதங்களாக வாடகை பாக்கி. காலி செய்யக் கோரி வாடகை நீதிமன்றத்தில் மனுப் போட்டேன். இப்போது என் சித்தப்பா மகன், ‘அது தாத்தா சொத்து, எனக்கும் பாதி உண்டு’ என்று தன்னையும் வழக்கில் சேர்க்கச் சொல்லி மனு கொடுத்திருக்கிறார். வாடகைதாரரும் அதை ஆதரிக்கிறார். அவரைச் சேர்த்தாக வேண்டுமா?

– வாசகர், பேராவூரணி

பதில்: சேர்க்க வேண்டிய கட்டாயம் இல்லை. எதிருரை தாக்கல் செய்து அந்த மனுவை உறுதியாக எதிர்க்கலாம். உங்கள் வழக்கில் நீதிமன்றம் பார்க்க வேண்டியவை இரண்டுதான்: உங்களுக்கும் மண்டிக்காரருக்கும் வாடகை உறவு இருக்கிறதா, காலி செய்யச் சட்டம் சொல்லும் காரணம் இருக்கிறதா? இவ்விரண்டுக்கும் விடை காண உங்கள் பங்காளி தேவையில்லை. கனக்லதா தாஸ் எதிர் நபகுமார் தாஸ் வழக்கில் 2018-இல் உச்ச நீதிமன்றம் இதையே சொன்னது. அசாமில் வாடகைதாரர் மீது தொடுத்த வழக்கில், தானும் பங்குதாரர் என்று ஒருவர் நுழையப் பார்த்தார். காலி செய்யும் வழக்கில் சொத்துரிமைத் தகராறைத் தீர்க்க முடியாது, அதற்குத் தனி வழக்குப் போட வேண்டும் என்று நீதிமன்றம் அவர் கோரிக்கையை ஏற்கவில்லை. நம் மாநிலத்தில் 2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறையில் உள்ள 2017-ஆம் ஆண்டு வாடகைச் சட்டம், பேராவூரணி போன்ற பேரூராட்சிகளுக்கும் பொருந்தும். சொத்து யாருடையது என்ற கேள்விக்குள் வாடகை நீதிமன்றம் போகக் கூடாது என்று அதன் 40-ஆவது பிரிவே எல்லை கட்டியிருக்கிறது. தீர்க்க அதிகாரமில்லாத தகராறைக் கொண்டு வருபவரைத் தரப்பினராக்கினால் வழக்கு இழுத்தடிக்கப்படும், பாக்கிதான் ஏறும்.

‘இரண்டு வழக்கு எதற்கு, ஒன்றாகவே முடித்துவிடலாமே’ என்று எதிர்த் தரப்பு வாதிடும். வழக்கில் தரப்பினரைச் சேர்ப்பது குறித்த உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 1 விதி 10 பற்றி, ரமேஷ் குந்தன்மல் வழக்கில் 1992-இல் உச்ச நீதிமன்றம் இதற்கு விடை சொல்லிவிட்டது. வழக்குகள் பெருகாமல் இருப்பது நல்ல விளைவுதான், ஆனால் அந்த விதியின் முதன்மை நோக்கம் அதுவல்ல. ‘உண்மையிலேயே அவருக்குப் பங்கு இருந்தால் அநியாயம் ஆகாதா?’ என்பது இதைவிடக் கனமான கேள்வி. ஆகாது. அவர் தரப்பினராக இல்லாத வழக்கின் தீர்ப்பு அவருடைய பங்கை அழிக்காது. பாகப்பிரிவினை வழக்குப் போட்டு, வசூலான வாடகைக்கும் கணக்குக் கேட்கும் உரிமை அவருக்கு முழுதாக இருக்கிறது. மண்டிக்காரரும் இதில் குளிர்காய முடியாது. உங்களை உரிமையாளராக ஏற்று வாடகைக்கு வந்தவர், அந்த வாடகை நீடிக்கும்வரை உங்கள் உரிமையை மறுக்கக் கூடாது என்பது 1872-ஆம் ஆண்டு சாட்சியச் சட்டத்தின் 116-ஆவது பிரிவு. புதிய சாட்சியச் சட்டத்திலும் அது தொடர்கிறது.

ஆனால் மூன்றாம் நபர் யாரையுமே சேர்க்கக் கூடாது என்று இதற்குப் பொருளில்லை. வாடகைதாரர் இறந்தால் அவருடைய வாரிசுகளையும், வழக்கு நடக்கும்போது கடை கைமாறினால் வாங்கியவரையும் சேர்க்க வேண்டிவரும். அவர்கள் அந்த வாடகை உறவுக்குள்ளேயே வருகிறார்கள். உங்கள் பங்காளி அதற்கு வெளியே நிற்கிறார். ஒன்றில் மட்டும் கவனமாக இருங்கள். அவரைப் பங்குதாரர் என்று எதிருரையில் வாய்தவறியும் ஒப்புக்கொள்ள வேண்டாம். ஒரு பங்குதாரர் தனியாகவே வழக்குத் தொடரலாம் என்றாலும், மற்றவர் ஆட்சேபித்தால் சிக்கல் எழும். ஒப்பந்தத்தையும் வாடகை ரசீதுகளையும் முன்வைத்து, வாடகைக்கு விட்டவர் என்ற நிலையிலேயே நில்லுங்கள். உறவை நிறுவத் தவறினால், பங்காளி வராமலேயே உங்கள் மனு தள்ளுபடியாகும். உங்கள் உழைப்பு முழுவதும் அந்த ஆதாரங்களில் இருக்கட்டும்.