சொத்து வழக்குகளில் நீதிமன்ற ஆணையர்: அதிகாரமும் அதன் எல்லைகளும்

நிலத் தகராறுகள் நீதிமன்றத்தை அடையும்போது, நீதிபதி ஒவ்வொரு வயலுக்கும் வீட்டுக்கும் நேரில் செல்வது இயலாது. அவருக்குக் கண்ணாக அமைபவர் ஆணையர். தில்லி நீதிமன்றங்களில் இவரை ‘லோக்கல் கமிஷனர்’ என்றும், தமிழ்நாட்டில் ‘அட்வகேட் கமிஷனர்’ என்றும் அழைப்பது வழக்கம். பெரும்பாலும் வழக்கறிஞர் ஒருவரே இப்பணிக்கு அமர்த்தப்படுகிறார்.

சட்டத்தின் அடிப்படை

1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் 75ஆம் பிரிவும் 26ஆம் கட்டளையும் இதற்கு அடிப்படையாகும். சாட்சியை விசாரித்தல், தல ஆய்வு, கணக்குகளைச் சரிபார்த்தல், பாகப்பிரிவினை ஆகியவற்றுக்கு ஆணையரை நியமிக்கலாம். 1976ஆம் ஆண்டுத் திருத்தம் அறிவியல் ஆய்வு, விரைவில் கெட்டுப்போகும் பொருள்களை விற்றல், நிர்வாகச் செயல்கள் ஆகியவற்றையும் இதில் சேர்த்தது.

சொத்து வழக்குகளுக்கு மிக முக்கியமானது 26ஆம் கட்டளையின் 9ஆம் விதி. தகராறிலுள்ள பொருளைத் தெளிவுபடுத்தவோ, சொத்தின் சந்தை மதிப்பையோ நட்ட ஈட்டையோ கணிக்கவோ தல ஆய்வு அவசியம் என நீதிமன்றம் கருதினால் ஆணையரை அனுப்பலாம். ‘அனுப்பலாம்’ என்பதைக் கருத வேண்டும். இது நீதிமன்றத்தின் விருப்புரிமையேயன்றி, கட்சிக்காரரின் உரிமை அன்று.

எல்லை எங்கே?

ஓர் எடுத்துக்காட்டைப் பார்ப்போம். தில்லியின் புறநகர்க் கிராமமொன்றில் அடுத்தடுத்த நிலங்களுக்கு உரிய இருவரில் ஒருவர், மற்றவர் தம் நிலத்தில் நான்கு அடி ஆக்கிரமித்துச் சுவர் எழுப்பியதாக வழக்கிடுகிறார். சுவர் எங்கே உள்ளது, அளவுப்படி எல்லை எங்கே செல்கிறது என்பனவற்றைச் சர்வேயரின் துணையுடன் ஆணையர் அளந்து கூறலாம். வாய்மொழிச் சாட்சியத்தால் இவற்றைத் தீர்ப்பது கடினம். 2008ஆம் ஆண்டுத் தீர்ப்புத் தொகுப்பில் இடம்பெற்ற அரியானா வக்ஃபு வாரிய வழக்கில், எல்லை பற்றிய தகராறில் ஆணையரை நியமித்திருக்க வேண்டும் என உச்ச நீதிமன்றம் கூறியது.

ஆனால் அதே வழக்கில், “கடந்த பத்தாண்டுகளாக நிலம் யார் சுவாதீனத்தில் இருந்தது?” என்று ஆணையரைக் கேட்க முடியாது. சுவாதீனத்தை ஆவணங்களாலும் சாட்சியங்களாலும் கட்சிக்காரரே மெய்ப்பிக்க வேண்டும். ஒருவருக்காகச் சான்று திரட்டித் தருவது ஆணையரின் பணியன்று என்பதைச் சென்னை உயர் நீதிமன்றம் உள்ளிட்ட பல நீதிமன்றங்கள் வலியுறுத்தியுள்ளன. உரிமை யாருடையது என்னும் முடிவும் நீதிபதிக்கே உரியது.

அதிகாரம் மீறினால் என்ன நேரும்?

பதம் சென் எதிர் உத்தரப் பிரதேச அரசு என்னும் வழக்கு இதற்குத் தெளிவான விடை தருகிறது. இது நிலத் தகராறன்று. ஆனால் ஆணையரின் அதிகாரம் பற்றியது. கடன் வழக்கொன்றில் வாதியின் கணக்குப் புத்தகங்களைக் கைப்பற்ற ஆணையர் நியமிக்கப்பட்டார். அவருக்குக் கையூட்டு கொடுக்க முயன்றதாக வழக்குத் தொடரப்பட்டது. சட்டம் வழங்காத அப்பணிக்கு உள்ளார்ந்த அதிகாரத்தைக் காட்டி ஆணையரை நியமிக்க இயலாது, அந்த நியமனமே செல்லாது என 1960இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. நியமனம் செல்லாததால் அவர் பொது ஊழியருமல்லர், தண்டனையும் நீக்கப்பட்டது. நியமனத்தில் நேர்ந்த பிழை, குற்ற வழக்கையே வீழ்த்தியது!

அறிக்கையின் மதிப்பு

10ஆம் விதிப்படி ஆணையரின் அறிக்கை வழக்கின் சான்றாகும். ஆயினும் அதுவே தீர்ப்பன்று. நீதிமன்ற அனுமதியுடன் கட்சிக்காரர்கள் ஆணையரை விசாரிக்கலாம். அறிக்கை நிறைவளிக்காவிடில் மேலும் ஆய்வு நடத்த நீதிமன்றம் ஆணையிடலாம். கட்சிக்காரர்கள் ஆணையர் முன் நேரிலோ வழக்கறிஞர் மூலமோ தோன்றும்படி நீதிமன்றம் பணிக்கும். வராதவரை விட்டு ஆய்வு தொடரலாம்.

ஆணையருக்கான செலவைக் கட்சிக்காரரே செலுத்த நேரிடுகிறது. தேவையற்ற நியமனம் சிறு விவசாயிக்கும் ஏழை வீட்டுக்காரருக்கும் பொருட்சுமையாகவும் காலதாமதமாகவும் முடிகிறது. எனவே மனு செய்யுமுன், கேட்கப்படுவது கண்ணால் காணவும் அளக்கவும் கூடியதா, அல்லது சாட்சியால் மெய்ப்பிக்க வேண்டியதா என்று எண்ணிப் பார்ப்பது நலம். இவ்வேறுபாட்டை உணர்ந்தால், ஆணையர் நீதிக்குத் துணையாவார்; மறந்தால், தாமதத்திற்குக் காரணமாவார்.