விக்டர் கிரேஸன்

சொல்வன்மைக்கு ஓரதிகாரம் வகுத்த திருவள்ளுவர், பெரியாரைத் துணைக்கோடலுக்கும் ஓரதிகாரம் வகுத்தனர். இவ்விரண்டனுள் முன்னதைப் பெற்றுப் பின்னதை இழந்த ஒருவரது வரலாற்றை ஈண்டுச் சுருங்கக் கூறுவாம். அவர் ஆங்கில நாட்டுத் தொழிலாளர் இயக்கத்தில் தோன்றிய விக்டர் கிரேஸன் என்பார்.

கிரேஸன் 1881-ஆம் ஆண்டு லிவர்ப்பூல் நகரிற் பிறந்தார். இளமையில் இயந்திரத் தொழில் பயின்று, பின்னர்ச் சமய போதகராக விரும்பி மான்செஸ்டர் நகரில் யூனிட்டேரியன் சபையார் நடாத்திய கல்லூரியிற் சேர்ந்தார். அந்நகரில் வேலையின்றி வாடினோரின் துயரம் அவருள்ளத்தைப் பற்றிற்று. படிப்பை முடியாமலே மேடையேறினார். அவர் பேச்சைக் கேட்கத் தொழிலாளர் திரள்திரளாகக் கூடினர்.

யார்க்ஷயர் பகுதியிலே கம்பளி ஆலைகள் நிறைந்த கோல்ன் வேலித் தொகுதியின் பாராளுமன்ற அங்கத்தினர் பிரபுப் பட்டம் பெற்றமையால், 1907 ஜூலை மாதத்தில் அங்கு இடைத்தேர்தல் நிகழ்ந்தது. உள்ளூர்த் தொழிலாளர் கழகத்தார் கிரேஸனை நிறுத்தினர்; தொழிற்கட்சித் தலைவர்களோ அவரைத் தம் அபேட்சகராக ஏற்றிலர். அங்ஙனமாகியும் அவர் 3,648 வாக்குகள் பெற்றார். லிபரல் கட்சியார் 3,495-ம், கன்ஸர்வேட்டிவ் கட்சியார் 3,227-ம் பெற்றனர். 153 வாக்குகள் மிகுதியாகப் பெற்று, 25 வயதிலேயே, எக்கட்சியையும் சாராதவராய்ச் சபை புகுந்தார்.

1908 அக்டோபரில், மதுக்கடை லைசென்ஸ் மசோதா காமன்ஸ் சபையில் ஆராயப்படுகையில், கிரேஸன் எழுந்து, வேலையற்றோர் பசியால் மடிய இதனைப் பேசுவது தகுமோ என்று முறையிட்டார். சபை விதி இடந்தரவில்லை. அமரும்படி பணித்தும் அவர் அமர்ந்திலர்; சபையினின்றும் விலக்கப்பட்டார். தொழிற்கட்சியார் துணைநில்லாமை கண்டு, அவர்களைத் தம் வகுப்பிற்கே துரோகஞ் செய்வோரெனப் பழித்து வெளியேறினார்.

நடுநின்று நோக்குவோமாயின், அவர் கேட்ட கேள்வி நியாயமானதே. பசி நிகழ்ச்சி நிரலுக்குக் காத்திராது. தொழிற்கட்சியாரும் குற்றமற்றவரல்லர். 1903-இல் அவர்தம் தலைவர்கள் லிபரல் கட்சியாரோடு மறைவாக உடன்படிக்கை செய்திருந்தனர். 1906-இல் 29 இடங்கள் பெற்றதற்கு அதுவும் ஒரு காரணம். ஆயினும் ஒருவர் குரல் சபையை நடுங்கச் செய்யலாம். சட்டஞ் செய்தற்குப் பலர் கை வேண்டும். கெயிர் ஹார்டி என்னும் சுரங்கத் தொழிலாளியும் 1892-இல் தனியராகவே சபை புகுந்தார். ஆனால் அவர் அடுத்த ஆண்டிலேயே கட்சியொன்றை அமைக்க முன்னின்றார். ஆண்டுதோறும் துணைவரைத் திரட்டினார்.

கிரேஸனோ மேடைகளிலேயே காலம் போக்கினார். மதுப்பழக்கமும் அவரைக் கெடுத்தது. 1910 ஜனவரித் தேர்தலில் மூன்றாமிடத்தரானார். 1911-இல் சில தொழில்களுக்கு வேலையின்மைக் காப்பீடு சட்டமாயிற்று. வேலையற்றோர்க்காக ஆர்ப்பரித்தவர் அவ்வமயம் சபையில் இல்லை. முதல் உலகப்போரிற் சேர்ந்து, 1917-இல் பாஷண்டேல் போர்க்களத்திற் காயமுற்றார். 1920-இல் லண்டனில் காணாமற் போயினார். அவர் முடிவு இன்றும் தெளியப்படவில்லை.

சொற்போர் மன்றங்களிற் கைதட்டல் பெறும் இளைஞர்காள்! கிரேஸனுடைய இரக்கத்தை நாம் மேற்கொள்வோமாக. அதனோடு, கைதட்டல் ஓய்ந்தபின் உடனிருந்து உழைப்பாரையும் தேடிக் கொள்வோமாக.