புலித்தட்டானும் என் ஹார்லிக்ஸ் பாட்டிலும்



நம்ம கண்மாய் மடைக்குப் பக்கத்தில் நெய்வேலிக் காட்டாமணக்கு தண்ணிக்குள்ளேயே நிற்கிறது அல்லவா? அதில் இலை உதிர்ந்த ஒரு காய்ந்த குச்சியின் நுனியைப் பாருங்கள். வெயில் ஏறிய பிறகு போனால் கறுப்பும் மஞ்சளும் கலந்த ஒரு பெரிய தட்டான் உட்கார்ந்திருக்கும். கல்லை விட்டு எறிந்தால் பறக்கும். ஒரு சுற்று சுற்றிவிட்டுத் திரும்பவும் அதே குச்சிக்கே வரும். எங்கள் வகுப்புப் பையன்கள் இதைப் 'புலித்தட்டான்' என்பார்கள். இந்த மாதம் அதைப் பற்றித்தான் எழுதுகிறேன். நான் செய்த ஒரு தப்பும் இதில் வருகிறது. சிரிக்காமல் படிக்கவும்.

இதன் அறிவியல் பெயர் இக்டினோகோம்பஸ் ராபாக்ஸ். 1842-ஆம் ஆண்டு ரம்பூர் என்ற பிரெஞ்சு அறிஞர் இந்த இனத்தை விவரித்து 'ராபாக்ஸ்' என்று பெயர் வைத்தார். அது லத்தீன் சொல். பறித்துப் பிடிப்பது என்று பொருள். ஆங்கிலத்தில் காமன் கிளப்டெயில் என்கிறார்கள். கிளப் என்றால் பீமன் கையில் இருக்கும் கதை மாதிரி நுனி தடித்த ஆயுதம். இதன் வால் நுனிக்குச் சற்று முன்னால், இரண்டு பக்கமும் சின்ன இலை போல ஒரு தகடு நீட்டிக்கொண்டிருக்கும். அதனால்தான் அந்தப் பெயர். (நாம் வால் என்று சொல்வது உண்மையில் அதன் வயிறு. பத்துக் கண்டங்கள் உண்டு.) உடம்பு சுமார் 7 செ.மீ. நீளம். உங்கள் ஸ்கேலில் வைத்துப் பாருங்கள், தட்டானில் அது பெரிய உருவம்தான்.

அடையாளம் கண்டுபிடிக்க இன்னொரு வழி கண். பள்ளி மைதானத்தில் மழைக் காலத்தில் கூட்டம் கூட்டமாகப் பறக்கும் மஞ்சள் தட்டானுக்கு இரண்டு கண்ணும் உச்சந்தலையில் ஒட்டிக்கொண்டிருக்கும். புலித்தட்டானுக்கு நடுவில் இடைவெளி இருக்கும். அந்த மஞ்சள் தட்டான் வேறு இனம். அது கடலையே தாண்டிப் போகுமாம், அதை இன்னொரு தாளில் எழுதலாம்.

இது எப்படி வேட்டையாடுகிறது தெரியுமா? நாம் கோழியைப் பிடிக்க அதன் பின்னாலேயே ஓடுவோம். தட்டான் அப்படி ஓடாது. இரை எந்தப் பக்கம் போகிறது, எங்கே போய்ச் சேரும் என்று பார்த்து அந்த இடத்துக்கு நேராகப் போய்விடும். கபடியில் ஓடுகிறவனை மடக்குகிற மாதிரி. நான்கு இறக்கையையும் தனித்தனியாக அசைக்க முடியும் என்பதால் சட்டென்று திரும்பும், அந்தரத்தில் நிற்கும். ஆறு காலிலும் முள் உண்டு. காலைக் கூடை மாதிரி குவித்து இரையை அள்ளும். அமெரிக்காவில் வேறு வகைத் தட்டான்களை வைத்து ஆராய்ச்சி செய்தபோது, 100 தடவை பாய்ந்தால் 90-க்கு மேல் பிடித்துவிட்டனவாம். சிங்கத்துக்குக்கூட முக்கால்வாசி நேரம் இரை தப்பித்துவிடும். நம்ம புலித்தட்டான் ஈ, பட்டாம்பூச்சி மட்டும் இல்லை, மற்ற தட்டான்களையே பிடித்துத் தின்னும். குச்சியில் உட்கார்ந்து அது மெல்லும்போது வெட்டின இறக்கை ஒவ்வொன்றாகத் தண்ணியில் விழுவதை நான் பார்த்திருக்கிறேன்.

இவ்வளவு பெரிய வேட்டைக்காரன் நம்மைக் கொட்டுமா? கொட்டாது. தட்டானுக்குக் கொடுக்கே இல்லை. கையில் பிடித்தால் பயத்தில் லேசாகக் கடிக்கும், அவ்வளவுதான். ஆனா நாம்தான் அதன் வாலில் நூல் கட்டிக் கல் தூக்க விடுகிறோம். நானும் நாலாம் வகுப்பு வரை கட்டியிருக்கிறேன். அந்த வயிற்றின் ஓரத்தில்தான் அது மூச்சு விடும் துளைகள் வரிசையாக இருக்கின்றன, இதயக் குழாயும் அதன் வழியாகத்தான் போகிறது என்று பின்னால்தான் தெரிந்தது.

இப்போது என் கதைக்கு வருகிறேன்.

பொங்கல் லீவில் மடையோரம் துணி துவைத்துக்கொண்டிருந்தோம். சேற்றோடு சேர்ந்து ஒரு பூச்சி வந்தது. அகலமாக, தட்டையாக, மக்கின இலை மாதிரி இருந்தது. ஆறு கால். நான் அதைக் காலி ஹார்லிக்ஸ் பாட்டிலில் போட்டு வீட்டுக்குக் கொண்டுவந்தேன். அப்பத்தா பார்த்துவிட்டு, "அடியே, தண்ணித்தேளை எதுக்குடி வீட்டுக்குள்ள வச்சிருக்க? கொட்டிட்டு வா" என்றது. அறிவியல் டீச்சரிடம் காட்டியபோதுதான் அது புலித்தட்டானின் இளம்பூச்சி என்று சொன்னார்கள். நமக்குத் தெரிந்த தட்டான் தண்ணிக்குள் இந்த உருவத்தில்தான் மாதக்கணக்கில் வாழ்கிறது. இறக்கை முளைத்த பிறகு இருப்பது கொஞ்ச காலம்தான்.

பெண் தட்டான் பறந்துகொண்டே வயிற்று நுனியால் தண்ணியைத் தொட்டுத் தொட்டு முட்டை போடும். அதிலிருந்து வரும் இளம்பூச்சிக்குப் பட்டாம்பூச்சி மாதிரி கூட்டுப்புழுப் பருவம் கிடையாது. தோலை உரித்து உரித்தே பெரிதாகும். அதன் கீழுதடு மடக்கி வைத்த கை மாதிரி முகத்துக்கு அடியில் இருக்கும். இரை பக்கத்தில் வந்தால் கண் இமைக்கும் நேரத்தில் நீண்டு பிடித்து இழுத்துவிடும். மூச்சு எப்படி விடும் என்று கேட்டால் என் தோழிகள் எல்லாரும் சிரிக்கிறார்கள். குடலின் கடைசிப் பகுதியில் செவுள் இருக்கிறது. ஆசனவாய் வழியாகத் தண்ணியை இழுத்து வெளியே விடுகிறது. ஆபத்து என்றால் அதே தண்ணியை வேகமாகப் பீய்ச்சி ராக்கெட் மாதிரி முன்னால் பாயும். டார்ச் அடித்து நான் பார்த்தேன், நிஜம்.

போன வருஷம் என் தம்பிக்கு டெங்கு வந்து ஐந்து நாள் ஆஸ்பத்திரியில் கிடந்தான். அதனால் கொசு என்றாலே எனக்கு ஆத்திரம். கல்தொட்டியில் இருந்து கொசுப்புழுவைச் சிரட்டையில் அள்ளி பாட்டிலில் போடுவேன். சாயந்திரம் 20 புழு போட்டால் காலையில் ஒன்றுகூட இருக்காது. தம்பி, "அக்கா, இதை எல்லா வீட்டுக்கும் ஒண்ணு குடுத்தா டெங்கே வராதுல்ல?" என்று கேட்டான். மியான்மர் நாட்டில் யாங்கோன் நகரில் உண்மையிலேயே அப்படிச் செய்திருக்கிறார்கள். வீட்டுத் தண்ணீர்ப் பாத்திரங்களில் வேறு ஒரு வகைத் தட்டானின் இளம்பூச்சியை விட்டு, டெங்கு பரப்பும் ஏடிஸ் கொசுவைக் குறைத்தார்கள். அந்த ஆய்வு 1990-இல் வெளிவந்தது. ஆனா தட்டான் தானாக வந்து நம்ம குடத்திலோ பழைய டயரிலோ முட்டை போடப்போவதில்லை. புலித்தட்டானுக்குக் கண்மாய் மாதிரி பெரிய தண்ணி வேண்டும். அதனால் 'தட்டான் இருக்கும் ஊரில் டெங்கு வராது' என்று யாராவது சொன்னால் நம்பிவிட்டுத் தொட்டியை மூடாமல் இருந்துவிடாதீர்கள். எங்கள் வீட்டிலிருந்து கண்மாய் கூப்பிடு தூரம்தான், தம்பிக்கு வந்ததே.

மாசி மாதம் அது சாப்பிடுவதை நிறுத்தியது. புழு போட்டால் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. தண்ணியின் மேல்பக்கம் வந்து தலையை வெளியே நீட்டிக்கொண்டே இருந்தது. கண்ணாடியில் ஏறப் பார்த்து வழுக்கி வழுக்கி விழுந்தது. நான் சீக்கு என்று நினைத்தேன். தண்ணியை மாற்றினேன், இன்னும் நிறையப் புழு போட்டேன். மூன்றாம் நாள் விடிகாலையில் பார்த்தால் முதுகு வெடித்து உள்ளிருந்து வெளுத்த தட்டான் பாதி வெளியே வந்திருந்தது. பிடித்து நிற்க இடம் இல்லாததால் தண்ணியிலேயே கிடந்தது. இறக்கை விரியாமல் நனைந்த காகிதம் மாதிரி ஒட்டிக்கொண்டது. எடுத்து வெயிலில் வைத்தேன். வால் நுனியில் அந்த இலைத் தகடு தெளிவாகத் தெரிந்தது. மத்தியானம் வரைக்கும் உயிரோடு இருந்தது.

டீச்சர் திட்டவில்லை. "சாப்பிடாமல் இருந்ததும் மேலே வந்ததும் சீக்கு இல்லை, அது வெளியே வரத் தயாராகிவிட்டது என்பதற்கு அடையாளம்" என்றார்கள். கடைசித் தோல் உரிக்க அது தண்ணியை விட்டு ஏதாவது ஒன்றில் ஏறியாக வேண்டும். குச்சி, கோரை, மடைச் சுவர் எதுவானாலும் சரி. ஏறி, நகத்தால் இறுக்கிப் பிடித்து, முதுகைப் பிளந்து வெளியே வந்து, இறக்கைக்குள் உடம்பு நீரைச் செலுத்தி விரித்துக் காயவைக்கும். அந்தக் கொஞ்ச நேரம் பறக்கவும் முடியாது, ஓடவும் முடியாது. கரிச்சானும் எறும்பும் அப்போதுதான் பிடிக்கும். என் பாட்டிலில் ஒரு விளக்குமாற்றுக் குச்சி இருந்திருந்தால் போதும்.

அதற்குப் பிறகு தினமும் பள்ளிக்கு வரும்போது மடைச் சுவரைப் பார்த்துக்கொண்டு வருகிறேன். தண்ணி மட்டத்துக்கு ஒரு சாண் மேலே காலிக் கூடுகள் ஒட்டிக்கொண்டிருக்கின்றன. இதுவரை நான்கு எண்ணிவிட்டேன். அந்த நான்கும் பறந்து போய்விட்டன. அதில் ஒரு கூட்டைத்தான் இந்தத் தாளின் ஓரத்தில் செலோ டேப் போட்டு ஒட்டியிருக்கிறேன். முதுகில் வெடிப்பு தெரியும். வெடிப்புக்குள் வெள்ளை நூல் மாதிரி தொங்குவது மூச்சுக் குழாயின் உள்தோல், அதையும் உரித்துப் போட்டுவிட்டுத்தான் போயிருக்கிறது. ஆறாம் வகுப்புத் தம்பி தங்கைகள் விரலால் குத்த வேண்டாம், நொறுங்கிவிடும்.

– ஒன்பதாம் வகுப்பு மாணவி