கோட்டிற்கு வெளியே ஒரு பணி

நுழையும்முன்

வெற்றிக்கோப்பையை ஏந்தி நிற்கும் வீரர்களின் முகங்கள் நம் நினைவில் பதிகின்றன. அவ்வீரர்களை ஆயத்தப்படுத்திவிட்டு எல்லைக்கோட்டிற்கு வெளியே நின்றவரை நாம் பெரும்பாலும் மறந்துவிடுகிறோம். வீரராக வென்று பின்னர்ப் பயிற்றுநராகப் பொறுப்பேற்ற ஒருவரின் வாழ்க்கைவழியே அப்பணியின் இயல்பை இக்கட்டுரை விளக்குகிறது.

திருத்தணி மலைக்கோயிலுக்குச் செல்லும் 365 படிகளையும் ஒவ்வொருவரும் தம் கால்களாலேயே ஏற வேண்டும். முன்னரே ஏறியவர், மூச்சு வாங்கும் இடத்தையும் இளைப்பாறும் இடத்தையும் சொல்லலாம். மற்றவருக்காக ஏற இயலாது. அவ்வூரில் பிறந்த சர்வபள்ளி இராதாகிருஷ்ணனின் பிறந்தநாளை நாடு 1962 முதல் ஆசிரியர் நாளாகக் கொண்டாடுகிறது. ஆசிரியர் பணியும் படி ஏறியவரின் பணி போன்றதே. தேர்வை எழுதுபவர் மாணவரே அன்றி ஆசிரியர் அல்லர். விளையாட்டுக் களத்தில் அவ்வாசிரியரின் இடத்தில் நிற்பவரே பயிற்றுநர்.

தமிழ்நாட்டைச் சேர்ந்த வாசுதேவன் பாஸ்கரன் இரு நிலைகளையும் கண்டவர். 1976ஆம் ஆண்டு மாண்ட்ரியல் ஒலிம்பிக்கில் வளைகோல் பந்தாட்டம் முதன்முறையாகச் செயற்கைப் புல்தரையில் நடைபெற்றது. இயற்கைப் புல்தரையில் பழகிய இந்திய அணி ஏழாம் இடத்திற்குத் தள்ளப்பட்டது. அவ்வணியில் பாஸ்கரனும் ஒருவர். நான்கு ஆண்டுகளுக்குப்பின் மாஸ்கோவில் அவரே அணித்தலைவர். அரசியல் காரணங்களால் வலிமைவாய்ந்த அணிகள் பல அப்போட்டியைப் புறக்கணித்திருந்தன. எனினும் இறுதியாட்டம் எளிதாக அமையவில்லை. 3-0 என முன்னிலை பெற்ற இந்தியாவை ஸ்பெயின் விடாமல் துரத்தியது. இறுதியில் 4-3 என்ற கணக்கில் இந்தியா தங்கம் வென்றது. 1981இல் பாஸ்கரனுக்குப் பத்மஸ்ரீ விருது வழங்கப்பட்டது.

அத்துடன் அவர் ஓய்ந்திருக்கலாம். ஆனால், அவர் தேசிய அணியின் பயிற்றுநர் பொறுப்பை ஏற்றார். பயிற்றுநரின் கையில் மட்டை இல்லை. யாரைக் களமிறக்குவது, களைத்தவரை எப்போது வெளியே அழைப்பது, எதிரணியின் தாக்குதலை எவ்வாறு தடுப்பது என முடிவெடுப்பதே அவர் வேலை. ஆட்டத்தின் நடுவே வீரர்களை எத்தனை முறை வேண்டுமானாலும் மாற்றலாம் என்ற விதி 1990களில் நிலைபெற்றபின் அவ்வேலை மேலும் கூர்மையடைந்தது. இமைப்பொழுதில் எடுக்கும் முடிவு ஆட்டத்தின் போக்கையே மாற்றிவிடும்.

2000ஆம் ஆண்டு சிட்னி ஒலிம்பிக்கில் இந்திய அணிக்குப் பாஸ்கரன் பயிற்றுநர். போலந்தை வென்றால் அரையிறுதி என்னும் நிலை. இந்தியா 1-0 என முன்னிலையில் இருந்தது. ஆட்டம் முடியும் தறுவாயில் போலந்து ஒரு கோல் அடித்துச் சமன்செய்தது. அரையிறுதி வாய்ப்பு நழுவியது. இந்தியா ஏழாம் இடம் பெற்றது. களத்தில் இருந்திருந்தால் ஓடிச்சென்று பந்தை மறித்திருக்கலாம். கோட்டிற்கு வெளியே நிற்பவருக்கு அவ்வாய்ப்பு இல்லை. எனினும் 2006ஆம் ஆண்டு ஜெர்மனியில் நடைபெற்ற உலகக் கோப்பைப் போட்டிக்கும் அவர் அதே பொறுப்பில் அணியுடன் சென்றார். பன்னிரண்டு அணிகளுள் இந்தியாவிற்குப் பதினோராம் இடமே கிடைத்தது.

பாஸ்கரனுடன் மாஸ்கோவில் ஆடியவர் மகராஜ் கிருஷன் கௌஷிக். அவர் பயிற்றுவித்த இந்திய அணி, 1998ஆம் ஆண்டு பாங்காக் ஆசிய விளையாட்டுப் போட்டியில் 32 ஆண்டுகளுக்குப்பின் தங்கம் வென்றது. ஒரே அணியில் ஆடிப் பயிற்றுநரான இருவருள் ஒருவருக்கு வெற்றியும் மற்றவருக்குத் தோல்வியும் அமைந்தன. இதைக் கொண்டு ஒருவர் வல்லவர், மற்றவர் வலுவற்றவர் என முடிவுசெய்வது பொருந்துமா? பயிற்றுநரின் உழைப்பைப் பட்டியலில் உள்ள இடம் மட்டும் அளந்துவிடாது.

வெற்றி பெற்றால் வீரர் புகழப்படுவார். தோற்றால் முதலில் பயிற்றுநரே கேள்விக்கு உள்ளாவார். இதனை அறிந்தே அப்பொறுப்பை ஏற்பதற்குத் துணிவு வேண்டும். தங்கம் வென்ற பெயரைக் காத்துக்கொண்டு வீட்டில் இருப்பது எளிது. அப்பெயரையே பணயமாக வைத்து, அடுத்த தலைமுறைக்கு வழிகாட்ட முன்வருவது அரிது. பாஸ்கரனின் வாழ்வில் மாஸ்கோவின் தங்கத்தைப் போலவே சிட்னியின் ஏழாம் இடமும் மதிக்கத்தக்கது. முன்னது அவர் ஏறிய படி. பின்னது பிறர் ஏறத் துணைநின்ற படி.

கற்பவை கற்றபின்

1. ‘தேர்வை எழுதுபவர் மாணவரே அன்றி ஆசிரியர் அல்லர்’ – இக்கருத்தைப் பயிற்றுநரின் பணியோடு ஒப்பிட்டு எழுதுக.
2. உங்கள் பள்ளியின் உடற்கல்வி ஆசிரியரிடம், தம் அணி தோற்ற ஒரு போட்டியில் அவர் கற்றுக்கொண்டது குறித்து நேர்காணல் செய்து வகுப்பறையில் பகிர்க.